நிக் என்றால் மகள்

பலெர்மோவில் ஆள் செத்தால் சுவரில் ஒட்டுவார்கள். கறுப்புக் கரை போட்ட வெள்ளைத் தாளில் செத்தவரின் பெயரைப் பெரிய எழுத்தில் அடித்து, கீழே துயரத்துடன் அறிவிப்பவர்கள் என்று பிள்ளைகளின் பெயர்களைப் போட்டு, பூசை நேரமும் கோயிலும் எழுதி, அவர் இருந்த வீட்டு வாசலில் தொடங்கிச் சந்தை வரைக்கும் பசை தடவி ஒட்டிவிடுவார்கள். யாழ்ப்பாணத்திலும் மரண அறிவித்தல் ஒட்டுவதுதான், எனக்கு அது புதினமில்லை. ஆனால் அதை ஒவ்வொரு நாளும் வாசித்து ஒப்பிக்கிற வேலை எனக்குப் பலெர்மோவில்தான் கிடைத்தது.

தொண்ணூறுகளின் நடுப்பகுதி. பொலித்தேயாமா அரங்குக்கும் போர்கோ வெக்கியோ சந்தைக்கும் இடையில், ஒரு பழைய கட்டடத்தின் மூன்றாம் மாடியில் எனக்குக் காலை வேலை. வீட்டுக்கார அம்மாவை இங்கே சிஞ்ஞோரா என்றுதான் கூப்பிடவேண்டும், அவருக்கு எண்பது தாண்டியிருந்தது. படி இறங்க முடியாது. நான் கதவைத் திறந்து செருப்பைக் கழற்ற முதலே படுக்கையறையிலிருந்து குரல் வரும்.

"இண்டைக்குச் சுவரில ஆர்?"

"ஒருத்தரும் இல்லை, சிஞ்ஞோரா."

அவருக்கு முகம் வாடிவிடும். ஒருவரும் சாகாத நாள் அவருக்கு வெறும் நாள்.

அவர் இத்தாலியர் அல்ல, அயர்லாந்துக்காரி. இளம் வயதில் இங்கே ஒரு பணக்கார வீட்டுப் பிள்ளைகளுக்கு ஆங்கிலம் படிப்பிக்க வந்து, ஒரு மருந்துக்கடைக்காரரைக் கலியாணம் செய்து, பிள்ளைகுட்டி இல்லாமல், அவரும் செத்துப்போக, ஊருக்குத் திரும்பாமல் இருந்துவிட்டவர். நாங்கள் இருவரும் கதைத்தது இத்தாலியனில். இங்கே நான் எழுதுவது அதன் தமிழ்.

என் இத்தாலியனைப் பற்றி முதலே சொல்லிவிட வேண்டும், வினை அங்கேதான் இருந்தது. எனக்குச் சொற்கள் தெரியும். நடுவில் வரும் சில்லறைச் சொற்கள்தான் வாயில் நிற்காது. கதவின் திறப்பு என்று சொல்வதானால் முன்னால் ஒரு 'லா' போடவேண்டும், நடுவில் ஒரு 'தி' போடவேண்டும். தமிழில் கதவுத் திறப்பு என்றால் அலுவல் முடிந்தது. நான் இத்தாலியனிலும் அப்படித்தான் கதைத்தேன். "தியை விழுங்கிப்போட்டாய்" என்று சிஞ்ஞோரா நாளைக்கு ஐந்து முறை பிடிப்பார். "விழுங்கினால் செமிக்கும்தானே" என்று நானும் விடமாட்டேன். எனக்கு அப்போதும் வாய் நீளம்.

என்னை அந்த வீட்டில் சேர்த்துவிட்ட கன்னியாஸ்திரி, என் பெர்மெஸ்ஸோவில் முதலில் எழுதியிருந்த குடும்பப் பெயரைத்தான் சிஞ்ஞோராவுக்குச் சொல்லியிருந்தார். பெர்மெஸ்ஸோ என்பது இந்த நாட்டில் எங்களை இருக்க விடுகிற பத்திரம். அதில் குடும்பப் பெயர் எழுதும் இடத்தில் என் அப்பாவின் பெயர் இருந்தது. எங்களுக்கு ஏது குடும்பப் பெயர்? பாஸ்போர்ட்டில் கிடந்த முன்னெழுத்தை விரித்து அங்கே போட்டுவிட்டார்கள். அப்பா செத்து அப்போது எட்டு வருசம். குவெஸ்தூரா என்கிற பொலிஸ் கந்தோரில் நாங்கள் வரிசையில் காத்து நின்றால், உள்ளேயிருந்து அப்பாவைத்தான் கூப்பிடுவார்கள். நான் எழும்பிப் போவேன்.

சிஞ்ஞோராவும் மூன்று மாதம் என்னை அப்பாவின் பெயரால்தான் கூப்பிட்டார். அப்பாவைக் கூப்பிட்டுக் கக்கூஸ் கழுவச் சொல்வது எனக்குப் பொறுக்கவில்லை. ஒருநாள் துடைப்பத்தை வைத்துவிட்டுப் போய் முன்னால் நின்றேன்.

"அது நான் இல்லை, சிஞ்ஞோரா. அது என்ர அப்பா."

அவர் கோப்பியை மேசையில் வைத்தார். "அப்ப நீ ஆர்?"

என் பெயரைச் சொன்னேன். வாய்க்குள் இரண்டு முறை சொல்லிப் பார்த்தார். அந்த வீட்டில் அதற்குப் பிறகு அப்பாவை ஒருவரும் வேலை வாங்கவில்லை.

"என்னையும் இப்பிடித்தான் செய்தவங்கள்" என்றார்.

அவருடைய ஊர் அயர்லாந்தின் மேற்குக் கரையில். அங்கே அவர் சிறுவயதில் கதைத்தது ஆங்கிலம் இல்லை, கேலிக் என்கிற பழைய பாஷை. அந்தப் பாஷையில் 'மக்' என்றால் மகன், 'ஓ' என்றால் பேரன் என்றார். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது.

"மக் எண்டால் மகனோ? எங்கட பாஷையிலயும் மகன்தான்."

"ஆர் ஆரிட்டைக் களவெடுத்தது?" என்று கேட்டார். சும்மா சொல்லக்கூடாது, அன்றைக்குத்தான் அவருக்கு என்னைப் பிடித்தது.

முந்தி அவர்களுக்கும் எங்களைப் போலத்தானாம். இன்னார் மகன் என்றால் உண்மையாகவே அவருக்குப் பிறந்தவன். அவனுடைய மகனுக்கு வேறு பெயர், தகப்பனைத் தொட்டு வரும். பிறகு ஒரு காலத்தில், ஆயிரம் வருசத்துக்குக் கிட்ட இருக்கும் என்றார், ஒவ்வொரு வீட்டிலும் யாரோ ஒரு தகப்பனில் அல்லது ஒரு பாட்டனில் வந்து பெயர் நின்றுவிட்டது. அதற்குப் பிறகு பிறந்தவர்கள் அத்தனை பேரும் அந்த ஒருவருக்கே மகன், அந்த ஒருவருக்கே பேரன். கீழே எங்கள் வாசலில் மணி அழுத்தும் பலகையிலும் பாதிப் பெயர்கள் 'தி' என்று தொடங்கின. அதுவும் இன்னாருடைய என்பதுதான், சிசிலிக்காரரும் எப்போதோ ஒரு தகப்பனில் நின்றவர்கள்தான் என்று சிஞ்ஞோரா சொன்னார். மூன்று மாதமாக அந்தப் பலகையைத் துடைத்த எனக்கு அது தெரியாது.

சிஞ்ஞோராவின் வீட்டுப் பெயர் ஒரு தச்சனில் நின்றிருந்தது. அந்தப் பெயரை இங்கே எழுத எனக்கு மனமில்லை. பொருள் போதும், தச்சன் மகன்.

"அப்ப நீங்கள் சூசையப்பரின்ர பரம்பரையோ?" என்று கேட்டேன். யேசுவை வளர்த்தவரும் தச்சர்தானே.

"சூசையப்பர் ஒழுங்கா வேலைக்குப் போனவர். எங்கட ஆக்கள் குடிகாரர்."

பொம்பிளைப் பிள்ளைக்கு 'மக்' போடமாட்டார்களாம். பிள்ளை பெண் என்றால் 'நிக்'. நிக் என்று தொடங்கினால் தச்சன் மகள். ஊரில் கோயிலடியில் நின்றாலும் கடைக்குப் போனாலும் அவரை அப்படித்தான் சொன்னார்கள். பெயரை ஆங்கிலத்தில் எழுத வந்த உத்தியோகத்தர்களுக்கு இந்த நுணுக்கம் ஒன்றும் தெரியாது. காதில் விழுந்ததை விழுந்தபடி எழுதினார்கள். சிலருக்கு முன்னாலிருந்த 'மக்'கைச் சுருக்கினார்கள், சிலருக்கு வெட்டியே விட்டார்கள். பெண்களுக்கெல்லாம் நிக்கை எடுத்துவிட்டு மக் போட்டார்கள். ஊர்ப் பெண்கள் அத்தனை பேரும் பேப்பரில் மகன்மாராகிவிட்டார்கள்.

அவருடைய அண்ணனின் கதை அதைவிட மோசம். இங்கிலாந்துக்குப் போனவர், மக் என்று வாயைத் திறந்தால் வேலை தரமாட்டார்கள் என்று பெயரையே ஆங்கிலத்துக்கு மாற்றிவிட்டார். கேலிக்கில் தச்சனைக் குறிக்கும் சொல்லுக்கே இன்னொரு பொருளும் உண்டாம், விடுதலையானவன் என்று. யாரோ அந்தப் பொருளை எடுத்து எழுத, தச்சன் மகன் அங்கே சுதந்திர மனிதன் ஆகிவிட்டார்.

"நாள் முழுக்கச் செங்கல் சுமந்த சுதந்திர மனிசன்" என்றார் சிஞ்ஞோரா.

தகப்பனுக்கு ஒரு பெயர், அண்ணனுக்கு ஒரு பெயர், இவருக்கு ஒன்று. எங்கள் வீட்டுப் பெர்மெஸ்ஸோக்களிலும் அதே கூத்துத்தான். என்னுடையதில் என் அப்பா, கணவருடையதில் அவருடைய அப்பா. நீங்கள் இரண்டு பேரும் ஒரே குடும்பமோ என்று குவெஸ்தூராவில் ஒவ்வொரு முறையும் கேட்பார்கள். இதைச் சொன்னபோது இருவரும் விழுந்து விழுந்து சிரித்தோம். இப்போது நினைத்தால், அந்த வீட்டில் நான் சம்பளத்தை மறந்து இருந்த நேரங்கள் அவைதான்.

ஒரு வெக்கை நாள், யன்னலெல்லாம் சாத்தியிருந்தது. நான் நிலம் துடைத்துக்கொண்டிருந்தேன். சிஞ்ஞோரா ஒரு கடித உறையின் பின்பக்கத்தில் என்னவோ எழுதி என்னைக் கூப்பிட்டார். வீட்டுப் பெயரை மட்டும் எழுதியிருந்தார், மக்குக்குப் பதிலாக நிக் போட்டு.

"பாஸ்போர்ட்டில நான் மகன். கலியாணப் பதிவில மகன். பென்சன் புத்தகத்தில மகன். செத்தாப் பிறகாவது என்னை ஆற்றையோ மகள் எண்டு எழுதவேணும். சுவரிலயும் எழுதவேணும், கல்லிலயும் எழுதவேணும்."

"அதுக்கு ஏன் என்னைப் பாக்கிறியள்? உங்கட அலுவல் பாக்கிற சட்டத்தரணி ஐயாவிட்டைக் குடுங்கோ."

"அவருக்கு விளங்காது. பேப்பரில என்ன கிடக்கோ அதுதான் சரி எண்டு சொல்லுவார். உனக்கு விளங்கும்."

"நான் பாத்துக்கொள்ளுறன்" என்றேன். வாளியில் துணியைப் பிழிந்துகொண்டுதான் சொன்னேன். அவர் உறையைச் செபப் புத்தகத்துக்குள் வைத்தார், எனக்குக் காட்டித்தான் வைத்தார்.

அடுத்த மாசியில் ஒரு காலை கதவைத் திறந்தேன், குரல் வரவில்லை. படுக்கையில் சுவர்ப்பக்கம் திரும்பியபடி கிடந்தார். கை குளிர்ந்து போயிருந்தது. நான் இருந்து அழுதேன். பிறகு சட்டத்தரணிக்கு ரெலிபோன் எடுத்தேன். அயர்லாந்தில் கூடப்பிறந்தவரின் பிள்ளையான ஒரு பெறாமகன் மட்டும் இருப்பதாகவும், அவரால் நாளைக்குள் வரமுடியாது என்றும் சட்டத்தரணி மத்தியானத்துக்குள் திருப்பிச் சொன்னார். சவப்பெட்டிக் கடைக்காரர் வருவார், கேட்கிற பத்திரங்களை நீ எடுத்துக் கொடு என்றார்.

என் கணவருக்கு என்னைவிட நல்ல இத்தாலியன். "நான் வரட்டோ?" என்று கேட்டார். வேண்டாம், எனக்குத் தெரியும் என்றேன். சிஞ்ஞோரா என்னிடம்தானே சொன்னவர் என்ற பெருமை. அந்தப் பெருமையை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு என்னில் எரிச்சல்தான் வரும்.

கடைக்காரர் ஒரு தடித்த மனிதர், மேல்மூச்சு வாங்க மூன்று மாடி ஏறி வந்தவர். அவருக்கும் அவசரம், எனக்கும் அவசரம். இரண்டு மணிக்கு நான் மொண்டெல்லோவில் ஒரு சாப்பாட்டுக்கடைக் குசினியில் நிற்கவேண்டும். அவர் அடையாள அட்டையைப் பார்த்துப் பெயரை, மக்கோடு, எழுதிக்கொண்டார். நான் செபப் புத்தகத்திலிருந்து உறையை எடுத்து முன்னால் வைத்து விரலால் குத்திக் காட்டினேன்.

"இது. சுவரில இது போடவேணும்."

"நிக்" என்று வாசித்தார். "இது ஆர்?"

"நிக், மகள்" என்றேன்.

தச்சன் மகள் என்று சொல்கிற மாதிரித்தான் என் மனதில் அது இருந்தது. நிக் என்றால் இன்னாருடைய மகள், செத்துக் கிடக்கிற இந்த மனிசி ஒருவருடைய மகள். அதற்கு அந்தத் 'தி' தேவை. நான் போடவில்லை.

"மகளோ?"

"ஓம், மகள். கட்டாயம் போடவேணும்."

அவர் கிடுகிடுவென்று என்னவோ சொன்னார். "நிக்கொலெத்தா?" என்று முடிந்தது. இந்த ஊரில் பெயர்களைச் சுருக்குவதும் நீட்டுவதும் வழக்கம், நிக்கை இவர் தன் பாட்டில் நீட்டி வாசிக்கிறார் என்று நினைத்தேன். நான்கு வருசம் குவெஸ்தூராவில் நின்று படித்த பாடம் ஒன்றுதான், அவர்கள் கேட்டால் சி, அதாவது ஓம், என்று சொல்லு, கெதியாய் விடுவார்கள். "சி, சி" என்றேன்.

"நாளைக்கு வருமோ?" என்று கேட்டார். வருவாவோ என்றாலும் வருமோ என்றாலும் இத்தாலியனில் ஒரே சொல். நான் சுவரில் வருமோ என்று எடுத்துக்கொண்டேன்.

"வரத்தான் வேணும்" என்றேன்.

அவர் என் தோளில் தட்டிவிட்டு ஒரு தாளில் கையெழுத்து வாங்கினார். சொன்னதைச் செய்துவிட்டேன் என்று நிம்மதியாக மொண்டெல்லோ பஸ்ஸில் ஏறினேன்.

பூசை மறுநாள் பத்து மணிக்கு. எட்டரை மணிபோல் நான் சந்தைக்குள்ளால் வந்தேன். மூலையில் மீன் விற்கிற பெண், சிஞ்ஞோராவுக்கு நான் வழக்கமாக மீன் வாங்குபவர், என்னை மறித்தார்.

"மகள் வந்திட்டாளோ?"

"எந்த மகள்?"

அவர் கையில் இருந்த கத்தியாலேயே சுவரைக் காட்டினார். தாள் ஒட்டியிருந்தது. சிஞ்ஞோராவின் பெயர், அதே மக்கோடு. மருந்துக்கடைக்காரக் கணவரின் பெயர். அதற்குக் கீழே, துயரத்துடன் அறிவிப்பவர்: மகள் நிக்கொலெத்தா.

மூன்று முறை வாசித்தேன். சிஞ்ஞோராவின் வீட்டுக்கு ஓடிப்போய், என் கணவர் வேலை செய்யும் வீட்டுக்கு ரெலிபோன் எடுத்தேன்.

"இஞ்சேருங்கோ, ஒரு பிழை நடந்துபோச்சு."

சொல்லி முடியும்வரை கேட்டார். பிறகு, "நீர் ஏதாவது கையெழுத்துப் போட்டனீரோ?" என்றார்.

"ஓம்."

"அப்ப வாயைத் திறவாதையும். பெர்மெஸ்ஸோ புதுப்பிக்கக் குடுத்துக் கிடக்கு. இல்லாத மகளை எழுதிக் கையெழுத்துப் போட்டனீர் எண்டால், சொத்துக்கு ஆசைப்பட்டுச் செய்ததெண்டுதான் சொல்லுவாங்கள். பூசை முடியட்டும். தாள் மழைக்குக் கழண்டுபோம்."

அவரில் பிழை இல்லை. குவெஸ்தூரா வாசலில் விடியமுதல் போய் நின்று பழகியவர்களுக்கு அப்படித்தான் யோசனை ஓடும். ஆனால் கடைக்காரரின் கடை இரண்டு தெரு தள்ளித்தான் இருந்தது. பத்து நிமிட நடை. ஒரு மணித்தியாலத்துக்கு மேல் கையில் இருந்தது. நான் போகவில்லை. அது என் முடிவு, அவருடையது இல்லை.

கோயிலில் பாதிரியார் வாசலிலேயே நின்றார். என்னைக் கண்டதும், "மகள் எங்கே?" என்று கேட்டார். அங்கேயாவது சொல்லியிருக்கலாம். எனக்குச் சொற்கள் இருந்தன. "தெரியாது, பாதர்" என்றேன்.

வலப்பக்கத்து முதல் வாங்கில் ஒருவரும் இருக்காமல் மகளுக்கென்று விட்டுவைத்திருந்தார்கள். இருபது பேர் இருப்பார்கள், எல்லாரும் அதற்குப் பின்னால். நான் நான்காவது வாங்கில் இருந்தேன். பத்து மணி அடித்தது. பாதிரியார் பூசையைத் தொடங்கவில்லை. கதவு திறக்கும் ஒவ்வொரு முறையும் எல்லாத் தலையும் திரும்பும், ஏதாவது கிழவி உள்ளே வரும், தலைகள் முன்னுக்குப் போகும். கால் மணித்தியாலம் பொறுத்தார். பெட்டிக்குள் அவர் கிடந்தார், ஒரு சொல்லுக்காக எண்பது வருசம் பொறுத்த மனிசி. அவருக்கு முன்னால் அந்த வெறும் வாங்கு.

பிரசங்கத்தில் பாதிரியார் தாயின் அன்பைப் பற்றிச் சொன்னார். பூசை முடிந்ததும் முதல் வாங்கில் இருப்பவர்களின் கையைப் பிடித்து ஆறுதல் சொல்வது இங்கே வழக்கம். சனம் எழும்பி வரிசையாக முன்னே போய், பிடிக்கக் கை இல்லாமல் ஒருவரை ஒருவர் பார்த்துவிட்டு வெளியே போனது. படியில் மீன்காரி எனக்குப் பக்கத்தில் நடந்தார்.

"பெத்த தாய்க்கு வராதவளும் ஒரு மகளோ" என்றார்.

கல் இரண்டு மாதத்துக்குப் பிறகு வந்தது. அயர்லாந்துப் பெறாமகன் காசு அனுப்ப, சட்டத்தரணி அடையாள அட்டையைப் பார்த்து எழுதிக் கொடுத்தார். மக் என்று வெட்டியிருந்தது. அதற்கு முன் ஒருமுறை சட்டத்தரணியிடம் போய் நிக்கைப் பற்றிச் சொல்ல நினைத்தேன். சொன்னால் நிக்கொலெத்தாவையும் சொல்ல வேண்டிவரும். போகவில்லை.

தாள் மழைக்குக் கழண்டது. கதை கழலவில்லை. சந்தையில் அந்த மகள் வளர்ந்தாள். அவள் மிலானோவில் இருக்கிறாள் என்றார்கள். பெரிய இடத்தில் கலியாணம் செய்தவள், தாயைப் பற்றிச் சொல்ல வெட்கப்படுகிறவள் என்றார்கள். வீடு விலைப்பட்டபோது, காசுக்கு மட்டும் வந்திட்டாள் பார் என்றார்கள். ஒரு பிள்ளையைப் பெறாமல், ஒருவரையும் குறை சொல்லாமல் இருந்த மனிசி, போர்கோ வெக்கியோ முழுக்க மகள் கைவிட்ட தாயாகிவிட்டார். தன்னை மகள் என்று ஒருமுறை எழுதச் சொல்லித்தான் அவர் என்னைக் கேட்டார்.

இரண்டு வருசம் கழித்து ஒரு சனிக்கிழமை, மீன்காரி எனக்குக் கணவாய் சுற்றிக்கொண்டிருந்தார். பெர்மெஸ்ஸோ எப்போதோ புதுப்பித்துக் கைக்கு வந்துவிட்டது. சட்டத்தரணியும் ஊரில் இல்லை. பயப்பட ஒன்றும் மிச்சமில்லை. பின்னால் நான்கைந்து பெண்கள் முறைக்கு நின்றார்கள்.

"நீ அந்த வீட்டில அவ்வளவு காலம் நிண்டனி" என்றார். "அந்த மகளைக் கண்டிருப்பாய்தானே. எப்பிடிப்பட்டவள்?"

கடதாசியில் சுற்றிய கணவாயை வாங்கினேன். எல்லாரும் என் வாயைப் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

"நன்றி கெட்டவள்" என்றேன். "ஒரு நாளும் வந்து பாக்கேல்லை."